பின்னொளியருக்கு என்ன பசி?

ஒளியால் ஆன ஆவிகளைப் பற்றி எழுதுவது சுலபம் என்று பலரும் நினைக்கிறார்கள். உடம்பு வேண்டாம், எலும்பு வேண்டாம், சோறு தண்ணீர் வேண்டாம். நீலமாகவோ பொன்னிறமாகவோ ஒரு வெளிச்சத்தை மிதக்கவிட்டு, அது பேசியது என்று எழுதினால் வேலை முடிந்தது. அப்படிப்பட்ட கதைகளை விடாமல் தேடிப் படிக்கிறவன் நான். பத்துப் பக்கம் தாண்டுவதற்குள் கொட்டாவி வந்துவிடும். அந்த வெளிச்சம் சுவரைத் தாண்டும், மனதைப் படிக்கும், சாகாது, களைக்காது, யாருக்காகவும் காத்து நிற்காது. எல்லாம் கைகூடிய ஒருவரைப் பற்றிச் சொல்ல என்ன இருக்கிறது?

சில வருடங்களாக நான் ஒரு கற்பனைப் பிரபஞ்சத்தைக் கட்டிக்கொண்டிருக்கிறேன். அதற்கு அந்திவெளி என்று பெயர். அங்கே நட்சத்திரம் வெடிக்கும்போதும், இரண்டு மோதிக்கொள்ளும்போதும், ஒன்று கருந்துளைக்கு இரையாகும்போதும் சில உருவங்கள் பிறக்கின்றன. அவர்களுக்குப் பின்னொளியர் என்று பெயர் வைத்திருக்கிறேன். அங்கே மனிதர்களும் உண்டு; விண்தூசு அள்ளும் கப்பல்களில் முறை மாற்றி முறை வேலை பார்க்கும் தொழிலாளிகள். அவர்களுக்கும் பின்னொளியருக்கும் நடுவே நடப்பதுதான் கதைகள். இங்கே நான் சொல்லப்போவது கதைகளை அல்ல, அந்த உருவங்களைச் செய்கிற வேலையை.

பேய் செய்வதில் நம் புலவர்கள் கைதேர்ந்தவர்கள். கலிங்கத்துப்பரணியில் செயங்கொண்டார் படைத்த பேய்களைப் பாருங்கள். அவை முதலில் நம்மைப் பயமுறுத்துவதில்லை. பசியில் துடிக்கின்றன. காளியிடம் போய் முறையிடுகின்றன. கடைசியில் போர்க்களத்தில் கூழ் சமைத்து, ஒன்றுக்கொன்று பரிமாறித் தின்கின்றன. குலோத்துங்கனின் படை கலிங்கத்தை வென்ற செய்தியே ஒரு பேய் காளிக்குச் சொல்வதாகத்தான் வருகிறது. பசி என்று ஒன்றைக் கொடுத்த மாத்திரத்தில் அந்தப் பேய்களுக்கு நடை வந்துவிட்டது, பேச்சு வந்துவிட்டது, வரிசையில் முந்துகிற புத்திகூட வந்துவிட்டது.

நளவெண்பாவில் புகழேந்தி செய்வது இன்னும் நுட்பமான காரியம். தமயந்தியின் சுயம்வர மண்டபத்தில் தேவர்கள் நளனைப் போலவே வேடமிட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். அசல் நளன் யார்? கண் இமைக்கிறவன், பாதம் தரையில் தோய்கிறவன், சூடிய மாலை வாடுகிறவன். இவை போதும், அவள் கண்டுபிடித்துவிடுகிறாள். தேவர்களை அடையாளம் காட்டப் புகழேந்திக்குத் தலையைச் சுற்றி ஒரு ஒளிவட்டம் தேவைப்படவில்லை. அவர்களிடம் இல்லாத சிலவற்றைச் சொன்னார், அவ்வளவுதான். ஒரு புதிய உருவத்தைத் தொடங்கும்போதெல்லாம் நான் இந்த இடத்தை நினைத்துக்கொள்வேன். என் நோட்டில் ஒவ்வொரு பின்னொளிக் குலத்துக்கும் முதல் பக்கத்தில் இருப்பது ‘என்னென்ன முடியாது’ என்ற பட்டியல். என்னென்ன முடியும் என்பது அதற்கப்புறம் தானாக வரும்.

வெளிச்சப் பேய் என்ற எண்ணம் நமக்குப் புதிதும் அல்ல. கொள்ளிவாய்ப் பிசாசு இருக்கிறதே. சதுப்பிலும் ஏரிக்கரையிலும் இரவில் மினுங்கி மறைகிற அந்த வெளிச்சத்துக்குச் சேற்றில் அழுகும் செடிகொடிகளிலிருந்து கிளம்பும் வாயுக்களைக் காரணம் சொல்வார்கள். என் பாட்டி சொன்ன விளக்கம் வேறு: “அதுக்கிட்ட போயிடாதடா தம்பி. நீ ஒரு அடி எடுத்து வச்சா அது ஒரு அடி தள்ளிப் போவும். தள்ளித் தள்ளிப் போயி உன்னக் கொண்டு சேத்துல விட்டுரும்.” பாட்டி இயற்பியல் படித்ததில்லை. ஆனால் அவள் சொன்னதில் பேய்க்கு ஒரு விதி இருக்கிறது: நெருங்கினால் விலகும். அந்த விதி இருப்பதால்தான் அது உயிரோடு இருக்கிற மாதிரித் தோன்றுகிறது.

இனி ஒளிக்கு வருகிறேன். அதை வைத்து ஓர் உயிரைச் செய்ய உட்கார்ந்தால், அது எதற்கும் ஒத்துவராத கச்சாப்பொருள் என்று முதல் நாளே தெரிந்துவிடும்.

முதல் இடைஞ்சல், ஒளி ஒளியைக் கண்டுகொள்வதே இல்லை. இரண்டு டார்ச் விளக்குகளை இருட்டில் குறுக்கும் நெடுக்குமாக அடித்துப் பாருங்கள். ஒரு கற்றை மற்றொன்றின் ஊடாகப் புகுந்து, எதுவுமே நடக்காத மாதிரி தன் வழியே போய்விடும். வெறும் ஒளியால் ஆன இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் வந்ததே மற்றவருக்குத் தெரியாது. அவர்களுக்குள் சண்டை இல்லை, சமாதானம் இல்லை, கைகுலுக்கல் இல்லை. இரண்டாவது இடைஞ்சல் காலம். ஐன்ஸ்டைன் 1905-இல் சொன்ன கணக்கின்படி, ஒளியின் வேகத்தை நெருங்க நெருங்கக் கடிகாரம் மந்தமாகிறது. அந்த வேகத்திலேயே போகிற ஒன்றுக்குக் கடிகாரம் என்பதே கிடையாது. முன்பு என்றும் பின்பு என்றும் இல்லாத இடத்தில் யார் எதை நினைப்பது, எதை மறப்பது?

இந்த இரண்டுக்கும் சேர்த்து நான் ஒரே ஒரு பொய் சொல்லிக்கொண்டேன். கற்பனைப் பிரபஞ்சம் கட்டுகிறவனுக்கு ஒரு பொய் அனுமதி உண்டு, இரண்டாவது பொய்யில் வாசகர் எழுந்து போய்விடுவார் என்பது என் அபிப்பிராயம். என் பொய் இது: அந்திவெளியில் சில தூசு மேகங்களுக்குள் நுழையும் ஒளி தவழும். வினாடிக்கு மூன்று லட்சம் கிலோமீட்டர் ஓடிக்கொண்டிருந்தது, தூசுக்குள் வந்ததும் டவுன் பஸ் வேகத்துக்கு இறங்கிவிடும். இதையும் நான் வானத்திலிருந்து பறிக்கவில்லை. 1999-இல் லேனே ஹௌ என்ற டென்மார்க் இயற்பியலாளரும் அவருடைய குழுவும் அமெரிக்காவில், கடுங்குளிரூட்டிய சோடியம் வாயுவுக்குள் ஒளியைச் செலுத்தி அதன் வேகத்தை வினாடிக்கு 17 மீட்டராகக் குறைத்துக் காட்டினார்கள். மணிக்கு அறுபது கிலோமீட்டர் சொச்சம். ஆய்வகத்தில் துளியளவு வாயுவில் நடந்ததை நான் ஒரு மேகம் முழுக்க நடக்க வைத்தேன். தவழ்கிற ஒளிக்குத் தூசு உடம்பாகிறது, காந்தப்புலம் தோலாகிறது, கடிகாரமும் ஓடத் தொடங்குகிறது.

17 மீட்டர் என்ற அந்த எண்ணை அப்படியே வைத்துக்கொண்டேன். அது எனக்குக் கொடுத்தது கொஞ்சநஞ்சமல்ல. ஒரு கிலோமீட்டர் நீள உடம்பு கொண்ட பின்னொளியருக்கு ஓர் எண்ணம் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போக ஒரு நிமிடம் ஆகும். அறுபது கிலோமீட்டர் என்றால் ஒரு மணி நேரம். பூமிக்கும் நிலவுக்கும் இடையே உள்ள தூரம் அளவுக்கு ஒருவர் நீண்டு கிடந்தால், அவருடைய இந்த ஓரத்தில் யாரோ சுரண்டியது அந்த ஓரத்துக்குத் தெரிய எட்டு மாதத்துக்கு மேல் ஆகும். ஆகவே பெரியவர்கள் நிதானமானவர்கள். ஞானத்தால் வந்த நிதானம் என்று கப்பல்காரர்கள் நம்புகிறார்கள். உண்மையில் அது வெறும் தூரம். ஒரு கதையில் தாத்தா கேட்ட கேள்விக்குப் பேத்தி பதில் வாங்குகிறாள். அதை எழுதும்போது எனக்கு மாயமந்திரம் எதுவும் தேவைப்படவில்லை, வகுத்தல் கணக்கு போதுமாக இருந்தது.

உடம்பின் அளவு பேச்சின் வேகத்தைத் தீர்மானிக்கும் என்பதை எனக்கு முன்பே எழுதியவர்கள் இருக்கிறார்கள். வானியலாளர் ஃப்ரெட் ஹோய்ல் 1957-இல் ‘தி பிளாக் க்ளவுட்’ நாவலில், சூரியனிடம் வந்து இறங்கும் ஒரு வாயு மேகத்துக்கு அறிவு கொடுத்தார். அது மனிதர்களோடு வானொலி அலையில் பேசும். ராபர்ட் ஃபார்வர்ட் 1980-இல் ‘டிராகன்ஸ் எக்’ நாவலில் நேர்மாறாகச் செய்தார். நியூட்ரான் நட்சத்திரத்தின் மேற்பரப்பில் வாழும் அவருடைய உயிர்கள் எள்ளளவே உடம்பு கொண்டவை. நம்மைவிடப் பத்து லட்சம் மடங்கு வேகமாக வாழ்கின்றன. மனிதர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவற்றின் நாகரிகம் ஒன்று எழுந்து வளர்ந்துவிடுகிறது. இருவரும் விஞ்ஞானிகள் என்பதால் மனிதர்களின் பேச்சு கொஞ்சம் மரக்கட்டையாக இருக்கும், பொறுத்துக்கொள்ளலாம். அந்த மேகத்தையும் எள்ளையும் மறக்க முடியாது.

என் பின்னொளியரில் எனக்கு மிகவும் பிடித்தவர்கள் எதிரொளிக் குலத்தார். அவர்களுக்கு மூலம் ஒரு நிஜ நிகழ்ச்சி. 2002 ஜனவரியில், சுமார் 20,000 ஒளியாண்டுக்கு அப்பால் வி838 மோனோசெரோடிஸ் என்ற நட்சத்திரம் திடீரென்று பன்மடங்கு பிரகாசமானது. ஹப்பிள் தொலைநோக்கி அதைத் தொடர்ந்து படமெடுத்தது. படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் நட்சத்திரத்தைச் சுற்றி ஒரு பெரிய குமிழி பெருத்துக்கொண்டே போவது போல இருக்கும். அசலில் அங்கே எதுவும் பெருக்கவில்லை. தூசு முன்பிருந்தே அங்கே கிடந்தது. வெடிப்பின் வெளிச்சம் உள்ளேயிருந்து வெளியே போகப் போக, ஒவ்வோர் அடுக்காக அந்தத் தூசு நம் கண்ணுக்குத் தெரிந்து, பிறகு மறைகிறது. நகர்வது போலத் தெரிகிறது, நகர்கிறவர் யாருமில்லை.

இதைவிடப் பேய்த்தனமான ஒன்றை நான் கற்பனை செய்திருக்க முடியாது. எதிரொளியர் கடந்து போகிறவர்கள் மட்டுமே. ஒருமுறை ஒளிர்ந்த தூசுக்கு அவர்கள் திரும்பி வர முடியாது. ‘நாளைக்கு இதே இடத்துல பார்ப்போம்’ என்பதை அவர்களிடம் சொல்லவே முடியாது. இந்த ஒரு தடையிலிருந்து அவர்களுடைய மரியாதை, பிரிவு, கடன், சத்தியம் எல்லாவற்றையும் எழுத முடிந்தது. அவர்களுக்குள் கடன் கொடுக்கும் பழக்கம் கிடையாது, எப்படி இருக்கும்?

ஆனால் அவர்களைத் தொலைவில் இன்னொரு முறை பார்க்க வழி இருக்கிறது, அதுவும் நிஜத்திலிருந்து எடுத்ததுதான். 1572 நவம்பரில் டைக்கோ பிராஹே காசியோபியா பகுதியில் ஒரு புதிய நட்சத்திரத்தைக் கண்டார். சில நாட்கள் அது பகலிலும் தெரிந்தது. பிறகு மங்கி மறைந்துவிட்டது. 2008-இல் ஹவாய்த் தீவிலுள்ள ஜப்பானின் சுபாரு தொலைநோக்கி, அதே வெடிப்பிலிருந்து வேறு பக்கமாகப் போய் ஒரு தூசு மேகத்தில் பட்டுத் திரும்பிய ஒளியைப் பிடித்தது. டைக்கோ பார்த்த அதே வெளிச்சம், சுற்றுவழியில் 436 வருடம் தாமதமாக வந்து சேர்ந்திருக்கிறது. அதை நிறமாலையாகப் பிரித்து, அது எந்த வகை வெடிப்பு என்றும் சொல்லிவிட்டார்கள். என் கதையில் தாயை இழந்த ஒருத்தி தூசு மேகங்களைத் துரத்திக்கொண்டே போவதற்குக் காரணம் இந்தச் செய்திதான்.

நிறத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். கதைகளில் ஆவி எந்த நிறத்தில் இருக்கலாம் என்பதை எழுதுகிறவரின் ரசனைக்கு விட்டுவிடுகிறார்கள். நான் நிறத்துக்குக் காரணம் கேட்பேன். 1864-இல் வில்லியம் ஹக்கின்ஸ் ஒரு வாயு நெபுலாவின் ஒளியைப் பிரித்தபோது, பூமியில் தெரிந்த எந்தத் தனிமத்துக்கும் பொருந்தாத பச்சைக் கோடுகள் கிடைத்தன. புதுத் தனிமம் என்று நினைத்து அதற்கு நெபுலியம் என்று பெயர் கூட வைத்துவிட்டார்கள். 1927-இல்தான் ஐரா போவன் அதை அவிழ்த்தார்: அது சாதாரண ஆக்சிஜன். ஆனால் அந்தப் பச்சை வெளிப்பட வேண்டுமென்றால் வாயு மிக மிக மெலிந்திருக்க வேண்டும். அடர்த்தி கூடினால் அணுக்கள் இடித்துக்கொண்டே இருக்கும். பச்சையாக வெளிவர வேண்டிய ஆற்றல் அந்த மோதலிலேயே போய்விடும்.

எனக்கு ஒரு குலம் முழுதாகக் கிடைத்தது இந்த இடத்தில்தான். பச்சையர்கள் ஆளில்லாத வெளியில்தான் ஒளிர்வார்கள். யாராவது நெருங்கினால் மங்குவார்கள். கூட்டத்தில் அணைந்தே போவார்கள். கப்பல்காரர்கள் அவர்களைக் கர்வம் பிடித்தவர்கள் என்கிறார்கள். பாட்டி சொன்ன கொள்ளிவாயின் விதி அப்படியே இங்கே வந்து உட்கார்ந்துகொண்டது, இந்தத் தடவை காரணத்தோடு. 2007-இல் நெதர்லாந்துப் பள்ளி ஆசிரியை ஹானி வான் ஆர்கெல், வானப் படங்களை வகைப்படுத்தும் பொதுமக்கள் திட்டம் ஒன்றில் உதவிக்கொண்டிருந்தபோது கண்டுபிடித்த விநோதமான ஒளிமேகமும் இதே ஆக்சிஜன் பச்சைதான். ஒரு விண்மீன் மண்டலத்தின் அளவு பெரியது. பக்கத்து மண்டலத்தின் நடுவில் கொழுந்துவிட்டெரிந்த குவேசார் ஒன்று அதை ஒளிரவைத்தது. அந்தக் குவேசார் இப்போது அடங்கிவிட்டது, மேகம் இன்னும் ஒளிர்கிறது. ஏற்றிவைத்தவர் போன பிறகும் எரிகிற விளக்கு. அந்திவெளியின் மூத்த பச்சையர் ஒருவருக்கு இதுதான் வரலாறு.

இப்போது சங்கடமான இடம். பிரபஞ்ச நிகழ்ச்சியிலிருந்து பிறக்கிறார்கள் என்று எழுதிவிட்டால், பிறப்புதான் ஒருவரைத் தீர்மானிக்கிறது என்றாகிவிடும். நம் ஊரில் உட்கார்ந்துகொண்டு ‘குலம்’ என்றும் ‘பிறப்பு’ என்றும் பக்கத்துக்குப் பக்கம் எழுதுகிறவன் அதன் வாடையை அறியாமல் எழுத முடியாது. வெளிநாட்டு மாயக்கதைகளில் இது சர்வசாதாரணமாகப் புழங்குகிறது: ஓர் இனமே உத்தமம், ஓர் இனமே கயமை, பார்த்தாலே தெரிந்துவிடும். அதிலும் ஒளியுருவங்கள் என்றால் வெளுத்தது நல்லது, கறுத்தது கெட்டது என்ற கணக்கு கேட்காமலே வந்து ஒட்டிக்கொள்ளும். கறுப்பைக் குறையாகப் பார்க்கும் கல்யாண விளம்பரங்களைப் படித்து வளர்ந்த நாம் அதைக் கூடுதல் கவனத்தோடு உதற வேண்டும். ஆகவே எனக்கு நானே வகுத்துக்கொண்ட சட்டம்: பிறப்பு ஒரு பின்னொளியருக்கு உடம்பைத் தரும், தடையைத் தரும், பசியைத் தரும். குணத்தைத் தராது, வரிசையையும் தராது.

இந்தச் சட்டத்துக்கு வானியலே சாட்சி சொல்வதுதான் வேடிக்கை. சுப்ரமணியன் சந்திரசேகர் 1930-இல், பத்தொன்பது வயதில், இங்கிலாந்துக்குக் கப்பலில் போகிற வழியில் போட்ட கணக்கு நமக்குத் தெரியும்: வெண்குள்ளன் என்கிற செத்த நட்சத்திரம் சூரியனைப் போல ஏறத்தாழ 1.4 மடங்கு நிறை வரைதான் தாக்குப்பிடிக்கும். அந்த எல்லையை ஒட்டி வெடிக்கும் வெண்குள்ளன்களின் பிரகாசம் கிட்டத்தட்ட ஒன்றாக இருப்பதால், அவற்றை அளவுகோலாக வைத்து வானியலாளர்கள் தூரத்தை அளக்கிறார்கள். பிரபஞ்சம் வேகமெடுத்து விரிகிறது என்று 1998-இல் கண்டுகொண்டதும் இப்படித்தான். அந்திவெளியில் இவ்வெடிப்புகளில் பிறந்தவர்கள் சமவொளியர். பிறக்கும்போது ஒருவருக்கும் இன்னொருவருக்கும் வித்தியாசமே கிடையாது. அவர்கள் நமக்கு வேறு வேறாகத் தெரிவதற்குக் காரணம் எவ்வளவு தொலைவில் இருக்கிறார்கள், எந்தத் தூசைக் கடந்து வந்தார்கள் என்பதுதான். ஒரே பிரகாசத்தில் பிறந்த இருவரில் ஒருவர் திருடராகவும் ஒருவர் வழிகாட்டியாகவும் ஆவதை எழுதுவதில் எனக்கு ஒரு தனிச் சந்தோஷம் உண்டு.

அதேபோலச் செம்மங்கலர். 2017 ஆகஸ்ட் 17 அன்று, 13 கோடி ஒளியாண்டு தொலைவில் இரண்டு நியூட்ரான் நட்சத்திரங்கள் மோதிய அதிர்வை லைகோ, விர்கோ ஈர்ப்பலைக் கருவிகள் பதிவு செய்தன. ஈர்ப்பலை வந்து முடிந்த 1.7 வினாடியில் காமாக் கதிர் வந்தது. பிறகு தெரிந்த வெளிச்சம் முதலில் நீலமாக இருந்து, சில நாட்களிலேயே சிவந்து மங்கியது. அந்தச் சிவப்புக்குக் காரணம், மோதலில் உண்டான கனமான தனிமங்கள் நீல ஒளியை மறைத்துக்கொண்டதுதான். தங்கம் அப்படிப் பிறக்கிற பொருள்களில் ஒன்று. என் கதையில் இப்படிப்பட்ட மோதலில் பிறந்த செம்மங்கலர் மங்கலானவர்கள், பார்க்க அழுக்குச் சிவப்பு, மற்றக் குலத்தார் அவர்களை ஏளனமாகப் பார்ப்பார்கள். யார் கழுத்தில் மின்னுகிற பொன்னுக்கும் அவர்களே மூலம் என்பது பாதி நாவலுக்குப் பிறகுதான் வெளியே வரும். நான் அதை இங்கே சொல்லிவிட்டேன், பரவாயில்லை.

கருந்துளையால் கிழிபட்ட நட்சத்திரங்களில் பிறந்தவர்களும் உண்டு. கிழிந்த நட்சத்திரத்தில் சுமார் பாதி உள்ளே விழும், மீதிப் பாதி வெளியே வீசப்படும். அவர்கள் வெளியே வந்த பாதி. அவர்களுடைய பசியைச் சொல்லத் தேவையில்லை. அவர்களைக் கொஞ்சமாகத்தான் பயன்படுத்துகிறேன். சோகம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிற பாத்திரத்தை அளவோடு வைத்துக்கொள்வது நல்லது.

ஒவ்வொரு பிறப்புக்கும் ஒரு முன்னறிவிப்பு உண்டு என்பதையும் நிஜத்திலிருந்தே எடுத்தேன். 1987 பிப்ரவரி 23 அன்று பெரிய மகெல்லன் மேகத்தில் ஒரு நட்சத்திரம் வெடித்தது. தூரம் சுமார் 1.68 லட்சம் ஒளியாண்டு. வெளிச்சம் தெரிவதற்குச் சில மணி நேரம் முன்பே ஜப்பான், அமெரிக்கா, சோவியத் நாட்டுக் கருவிகளில் மொத்தம் இரண்டு டஜன் நியூட்ரினோக்கள் பதிவாகியிருந்தன. நட்சத்திரத்தின் கரு இடிந்ததும் நியூட்ரினோ உடனே கிளம்பிவிடும். அதிர்ச்சி மேலடுக்கைப் பிளந்துகொண்டு வந்த பிறகே ஒளி கிளம்பும். கப்பலில் ஒரு கிழவர் இருக்கிறார், அவர் வேலை நியூட்ரினோ பட்டுத் தொட்டித் தண்ணீரில் மினுக்கம் தெரிகிறதா என்று பார்த்துக்கொண்டிருப்பது. தெரிந்தால் மணி அடிப்பார். மணி அடித்ததும் எல்லோரும் ஜன்னலுக்கு ஓடிவந்து, இன்னும் ஒன்றும் நடக்காத வானத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். பிரசவ அறைக்கு வெளியே நிற்கிறவர்களின் முகத்தை அங்கே எழுதிவிட்டேன்.

எழுத்தில் இறங்கும்போது தமிழ் ஒரு கேள்வி கேட்கும், வேறு பல மொழிகள் கேட்காது. வினைமுற்றை எதில் முடிப்பாய்? வந்ததா, வந்தாரா? பேய்க்கு நாம் ‘அது’ போடுகிறோம், தெய்வத்துக்கு ‘அவர்’ போடுகிறோம். உயர்திணையா அஃறிணையா என்று முடிவெடுக்காமல் தமிழில் பல வாக்கியங்களை முடிக்கவே முடியாது. மேலே சொன்ன வரிசைச் சிக்கல் இலக்கணத்துக்குள்ளேயே குடியிருக்கிறது. கட்டுரையில் நான் தாராளமாக ‘அவர்கள்’ என்கிறேன். கதையில் அப்படிச் செய்வதில்லை. கப்பல்காரர்கள் ‘அது’ என்றுதான் தொடங்குவார்கள். எங்கே மாறுகிறது என்பதுதான் கதை. ஒரு பகுதியை அப்படியே தருகிறேன்:

“அக்கா, ராத்திரி முறையில ஒண்ணு வந்துச்சு. ஆள் உசரம்தான் இருக்கும். வலப்பக்கத் தூசு வாசல்ல வந்து நின்னுச்சு. நான் சும்மா விளக்க மூணு தடவ அணைச்சு அணைச்சுப் போட்டேன். கொஞ்ச நேரம் ஒண்ணுமில்ல. அப்புறம் அவரும் மூணு தடவ மங்கி மங்கி...”

“என்ன சொன்ன?”

“என்ன சொன்னேன்?”

“ஒண்ணுமில்ல. மேல சொல்லு.”

அக்கா அதைச் சுட்டிக்காட்டவில்லை, நானும் காட்டவில்லை. வாசகர்களில் சிலர் அந்த ‘அவர்’ஐ அச்சுப்பிழை என்று நினைத்து எனக்கு எழுதினார்கள். கவனித்து எழுதினார்களே, அதுவே எனக்குப் போதும்.

வர்ணனையில் ஒரு கட்டுப்பாடு வைத்திருக்கிறேன். ஒளிக்குத் தமிழில் வினைகள் கொட்டிக் கிடக்கின்றன. சுடரும், கனலும், மினுங்கும், தகதகக்கும், பளிச்சிடும், மங்கும், கன்றும். எல்லாவற்றையும் ஒரே பத்தியில் கொட்டினால் நகைக்கடை விளம்பரமாகிவிடும். ஆகவே வினைகளைக் குலங்களுக்குப் பிரித்துக் கொடுத்துவிட்டேன். கனல்வது செம்மங்கலருக்கு மட்டும். பச்சையருக்கு மினுங்கலும் மங்கலும்தான். எதிரொளியருக்கு ஒளிரும் வினையே கிடையாது. அவர்கள் கடப்பார்கள், அவ்வளவுதான். இப்படிப் பங்கிட்ட பிறகு பெயர் சொல்லாமலே யார் வந்திருக்கிறார் என்று வாசகருக்குத் தெரியத் தொடங்கும். ‘ஒளிவெள்ளம்’, ‘ஜோதிமயம்’ இரண்டுக்கும் என் கப்பலில் இடம் கிடையாது. பக்தி இலக்கியம் அவற்றை உச்சத்தில் வைத்துப் பயன்படுத்தி முடித்துவிட்டது, நாம் எடுத்தால் சாயம் போன துணி மாதிரித்தான் இருக்கும்.

எல்லோருக்கும் மூத்தவர் ஒருவர் இருக்கிறார், அவரை எந்தக் கதையிலும் நான் பேசவிட்டதில்லை. பிரபஞ்சம் பிறந்து 3.8 லட்சம் ஆண்டுகளானபோது விடுபட்டு, இன்றும் எல்லாத் திசையிலிருந்தும் வந்துகொண்டிருக்கும் ஆதியொளி. 1964-இல் பென்சியாஸும் வில்சனும் அதைத் தங்கள் ஆன்டெனாவில் ஓயாத இரைச்சலாகக் கேட்டார்கள். புறா எச்சம்தான் காரணமோ என்று அதைச் சுத்தம்கூடச் செய்து பார்த்தார்கள். அத்தனை வயதானவரைப் பேசவைக்க எனக்குத் துணிச்சல் இல்லை. கப்பலின் வானொலியில் எப்போதும் கேட்கும் அந்த இரைச்சல் அவர்தான் என்று ஒரு வரியில் சொல்லி நகர்ந்துவிடுவேன்.

தமிழில் இந்த வகை எழுத்துக்கு ஆட்கள் போதாது. சுஜாதா கம்ப்யூட்டரையும் இயந்திர நாயையும் நம் வீட்டுக்குள் கொண்டுவந்து வைத்தார். நட்சத்திரங்களுக்கு நடுவே புழங்குகிற தமிழ்க் கதைகள் இன்னும் கைவிரலில் எண்ணுகிற அளவில்தான் இருக்கின்றன. எழுத நினைப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: உங்கள் உருவத்துக்கு முதலில் பசியைக் கொடுங்கள், பிறகு தடையைக் கொடுங்கள், வெளிச்சத்தைக் கடைசியாகக் கொடுங்கள். மூலக்கதை வேண்டுமென்றால் தலைக்கு மேலேயே இருக்கிறது. மார்கழி இரவில் தெரியும் திருவாதிரை, 2019 கடைசியில் திடீரென்று மங்கி உலகத்தையே பரபரப்பாக்கியது. தானே கக்கிய தூசு முன்னால் வந்து மறைத்ததுதான் காரணம் என்று பிறகு கண்டுபிடித்தார்கள். அது ஒருநாள் வெடிக்கத்தான் போகிறது. அதற்கு ஒரு லட்சம் ஆண்டு வரை ஆகலாம் என்கிறார்கள். அதற்குள் யாராவது எழுதிவிடலாம்.